காலும் காகிதமும்



டொமினிக் சோபொஸ்லாயைப் பற்றி எழுதுங்கள் என்று லிவர்பூல் ரசிகரான வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். நியாயமான ஆசைதான். ஹங்கேரியின் செக்கெஷ்ஃபெஹேர்வார் நகரத்தில் 2000-ல் பிறந்தவர். அப்பாவிடமே ஆட்டம் பழகினார். பதின்ம வயதில் ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க்குக்குப் போனார். அங்கிருந்து ஜெர்மனியின் லைப்சிக், 2023-ல் லிவர்பூல். லைப்சிக் ஒப்பந்தத்திலேயே, இவ்வளவு கட்டினால் ஆளை விட்டுவிடுகிறோம் என்று ஒரு தொகை எழுதியிருந்தது: 7 கோடி யூரோ. லிவர்பூல் கட்டியது, கையெழுத்தானது, விமானம் ஏறினார். 2024-25 பருவத்தில் இங்கிலாந்து லீக் பட்டமும் கைக்கு வந்துவிட்டது. தன் நாட்டு அணிக்கு அவர்தான் கேப்டன். குறை ஒன்று உண்டு, உலகக் கோப்பை. 2025 நவம்பரில் புடாபெஸ்டில் அயர்லாந்துடன் நடந்த தகுதிச் சுற்று ஆட்டத்தின் கடைசித் தருணத்தில் விழுந்த கோல், ஹங்கேரியை வெளியே தள்ளிவிட்டது. ஹங்கேரி கடைசியாக உலகக் கோப்பையில் ஆடியது 1986-ல். அப்போது சோபொஸ்லாய் பிறக்கவே இல்லை.

அவரைப் பற்றி நிச்சயம் எழுதுவோம். அவர் இன்னும் ஆடிக்கொண்டிருப்பவர், கதை பாதியில் இருக்கிறது. வெளிநாட்டில் ஆடப்போன ஹங்கேரிக்காரர் என்றதும் எனக்கு முதலில் நினைவுக்கு வருபவர் வேறொருவர். இளைய வாசகர்கள் பலர் அவர் பெயரைக் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள் என்பதால் இந்தப் பக்கத்தை அவருக்கே எடுத்துக்கொள்கிறேன்.

பார்சிலோனா கிளப் 1999-ல் நூற்றாண்டு கொண்டாடியபோது, இந்தக் கிளப்புக்கு ஆடியவர்களில் தலைசிறந்தவர் யார் என்று ரசிகர்களிடம் கேட்டார்கள். யோஹான் கிரைஃப் ஆடிய கிளப் அது. மரடோனாவும் ஆடியிருக்கிறார். ரசிகர்கள் தேர்ந்தெடுத்தது லாஸ்லோ குபாலாவை. மெஸ்ஸிக்கு அப்போது 12 வயது, அர்ஜென்டினாவின் ரொசாரியோவில் இருந்தார். அதே வாக்கெடுப்பை இன்று வைத்தால் முடிவு வேறாக இருக்கும் என்பதை ஒப்புக்கொள்வதில் எனக்குத் தயக்கமில்லை. ஆனால் அந்தக் கிளப்பின் சட்டையைக் கழற்றி ஏறக்குறைய நாற்பது ஆண்டு ஆன ஒருவரை, அவர் ஆடிப் பார்த்திராத தலைமுறையும் சேர்ந்து முதலிடத்தில் வைத்தது என்றால் அதற்குக் காரணம் வெறும் கோல் கணக்காக இருக்க முடியாது.

குபாலாவின் வாழ்க்கையைப் படிக்கப் படிக்க எனக்குத் தோன்றுவது இதுதான். மைதானத்தில் அவரைத் தடுத்தவர்கள் குறைவு. அவரைத் தடுத்ததெல்லாம் காகிதம்: ராணுவ அழைப்பாணை, தடையுத்தரவு, குடியுரிமைச் சான்று, ஒரு தந்தி. கடைசியில் ஒரு குலுக்குச் சீட்டு.

1927 ஜூன் 10 அன்று புடாபெஸ்டில் பிறந்தார். அப்பா கொத்தனார், ஹங்கேரியில் வாழ்ந்த ஸ்லோவாக் இனத்தவர். அம்மா ஆலைத் தொழிலாளி. அவர் வழியிலும் ஸ்லோவாக் ரத்தம் உண்டு. கான்ஸ் ஆலை அணியில், தன்னைவிட மூன்று நான்கு வயது மூத்த பையன்களோடு ஆடத் தொடங்கியவர், பதினெட்டு வயதில் ஃபெரென்ஸ்வாரோஷ் என்ற பெரிய கிளப்புக்கு வந்துவிட்டார். 1946-ல் திடீரென்று எல்லை தாண்டி பிராட்டிஸ்லாவாவில் இருந்த ஸ்லோவான் அணிக்குப் போனார். ராணுவச் சேவையிலிருந்து தப்பத்தான் போனார் என்பார்கள். அங்கே பயிற்சியாளராக இருந்த ஃபெர்டினாண்ட் டௌச்சிக்கின் தங்கையைக் கல்யாணம் செய்துகொண்டார். பெற்றோரின் இனம் காரணமாக அந்த நாட்டு அணிக்கும் ஆட முடிந்தது. செக்கோஸ்லோவாகியாவுக்காக ஆறு ஆட்டம், நான்கு கோல். 1948-ல் மீண்டும் புடாபெஸ்ட், வாஷாஷ் கிளப். இந்தமுறை செக்கோஸ்லோவாகிய ராணுவத்துக்குப் பயந்து திரும்பினார் என்கிறார்கள். ஹங்கேரிக்காக மூன்று ஆட்டம் ஆடினார், கோல் இல்லை. பிறந்த நாட்டுக்கும் அவருக்கும் இருந்த கணக்கு அந்த மூன்று ஆட்டத்தோடு முடிந்தது.

1949 ஜனவரியில், ஹங்கேரி முழுமையாகக் கம்யூனிஸ்ட் ஆட்சியின் கீழ் போய்க்கொண்டிருந்தபோது, சோவியத் ராணுவ வீரனின் உடையைப் போட்டுக்கொண்டு ஒரு லாரியின் பின்புறத்தில் ஏறினார். ஆஸ்திரியாவில் அமெரிக்கர்களின் ஆளுகையில் இருந்த பகுதிக்குப் போய், அங்கிருந்து இத்தாலி. மனைவியும் கைக்குழந்தையும் பிறகு வந்து சேர்ந்தார்கள். ப்ரோ பாட்ரியா என்ற இத்தாலியக் கிளப் அவரைப் பழக்க ஆட்டங்களில் ஆடவைத்தது. ராணுவத்தில் சேராமல் இரண்டு நாடு மாறியவர், கடைசியில் ராணுவ உடை போட்டுத்தான் தப்ப வேண்டியிருந்தது.

அந்த ஆண்டு மே மாதம். அன்று இத்தாலியின் ஒப்பற்ற அணி டொரினோ. லிஸ்பனில் பென்ஃபிகாவுக்கு எதிராக ஆட இருந்த நட்பு ஆட்டத்துக்குக் குபாலாவையும் கூப்பிட்டார்கள். அவரும் வருவதாகச் சொல்லியிருந்தார். மகனுக்கு உடம்பு சரியில்லாமல் போகவே கடைசி நேரத்தில் நின்றுவிட்டார். மே 4 அன்று லிஸ்பனிலிருந்து திரும்பிய விமானம் மேகமூட்டத்தில் டூரின் நகரத்துக்கு மேலே உள்ள சூப்பர்கா குன்றின் தேவாலயச் சுவரில் மோதியது. விமானத்தில் இருந்த 31 பேரும் போய்விட்டார்கள். அவர்களில் ஒருவர் எர்னோ எக்ரி எர்ப்ஸ்டைன், டொரினோவை அந்த உயரத்துக்குக் கொண்டுபோன ஹங்கேரிய யூதர். 1944-ல் நாஜிகளின் காலத்தில் புடாபெஸ்டில் ஒரு கட்டாய உழைப்பு முகாமிலிருந்து தப்பியவர். அவரோடு சேர்ந்து தப்பிய இன்னொருவரின் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்: பேலா குட்மான். அவர் பின்னால் வருவார்.

குபாலா உயிர் பிழைத்தார், ஆட முடியவில்லை. ஒப்பந்தத்தை மீறினார், அனுமதியில்லாமல் நாட்டை விட்டுப் போனார், ராணுவச் சேவை செய்யவில்லை என்று ஹங்கேரியக் கால்பந்துச் சங்கம் புகார் கொடுத்தது. உலக அமைப்பான ஃபீஃபா அதை ஏற்று ஓராண்டுத் தடை விதித்தது. இருபத்திரண்டு வயது ஆட்டக்காரனுக்கு ஓராண்டு என்றால் என்ன என்று விளையாடியவர்களுக்குத் தெரியும்.

என்ன செய்வார்? தன்னைப் போலவே கிழக்கு ஐரோப்பாவிலிருந்து ஓடிவந்து, எந்தக் கிளப்பிலும் பதிவு செய்ய முடியாமல் நின்ற ஆட்டக்காரர்களைச் சேர்த்து ஓர் அணி அமைத்தார். பெயர் ஹங்கேரியா. பயிற்சியாளர் யார் என்றால், மச்சான் டௌச்சிக்தான். அவரும் அதற்குள் ஓடிவந்துவிட்டார். நாடில்லாதவர்களின் அந்த அணி ஊர் ஊராகப் போய்க் காட்சி ஆட்டம் ஆடிச் சாப்பிட்டது. 1950 கோடையில் ஸ்பெயினுக்குப் போனது. மாட்ரிட்டில் ஓர் ஆட்டம், உலகக் கோப்பைக்குத் தயாராகிக்கொண்டிருந்த ஸ்பெயின் அணியோடு ஆட்டம், பார்சிலோனாவில் எஸ்பான்யோல் கிளப்போடு ஓர் ஆட்டம். அவ்வளவு போதுமாக இருந்தது. ரியல் மாட்ரிட் வலை வீசியது. பார்சிலோனாவின் பழைய நட்சத்திரமும் அப்போதைய ஆள்பிடிப்பவருமான ஜுசெப் சமிதியே முந்திக்கொண்டார். மச்சானுக்கும் பயிற்சியாளர் வேலை கொடுத்தால் வருகிறேன் என்றாராம் குபாலா. கொடுத்தார்கள். ஜூன் 15 அன்று கையெழுத்தானது. அவரை மாட்ரிட் போகிற ரயில் என்று சொல்லி பார்சிலோனா ரயிலில் ஏற்றிவிட்டார்கள் என்றெல்லாம் கதை உண்டு. நல்ல கதை, நம்பத்தான் முடியவில்லை.

இங்கே ஒரு விஷயத்தை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். அன்றைய ஸ்பெயினை ஆண்டவர் சர்வாதிகாரி பிராங்கோ. ஒரு சர்வாதிகாரத்திலிருந்து தப்பி வந்தவருக்கு இன்னொரு சர்வாதிகாரம் கம்பளம் விரித்தது. கம்யூனிஸ்ட் நாட்டிலிருந்து ஓடிவந்த வீரன் என்பது அந்த ஆட்சிக்கு இனிப்பான விளம்பரம். குபாலாவின் காகிதங்கள் சீக்கிரம் நகர்ந்ததற்கு சமிதியேக்கு மேலிடத்தில் இருந்த பழக்கமும் ஒரு காரணம். குபாலா தப்பி வந்த கதையை 1955-ல் படமாகவே எடுத்தார்கள், அவரே நாயகனாக நடித்தார். ஆனால் பிராங்கோவின் ஆட்சியில் மொழியையும் கொடியையும் ஒடுக்கப்பட்ட கட்டலோனிய மக்கள் அதே ஆளைத் தங்கள் வீரனாகத் தூக்கி வைத்துக் கொண்டாடினார்கள். ஆட்சியும் அவரை வைத்துப் பெருமைப்பட்டது, ஆட்சியை வெறுத்தவர்களும் பெருமைப்பட்டார்கள். இரண்டு தரப்புக்கும் நடுவில் அவர் பந்தைத் தட்டிக்கொண்டிருந்தார். அகதி ஒருவர் தன்னை ஏற்ற நாட்டின் அரசியலைத் தராசில் போட்டு நிறுத்திப் பார்த்திருக்க வேண்டும் என்று இன்று உட்கார்ந்துகொண்டு சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

கையெழுத்துப் போட்டும் முதல் சில மாதங்கள் நட்பு ஆட்டங்கள்தான். அதிகாரப்பூர்வமாக இறங்கியது 1951 ஏப்ரலில். அந்த ஆண்டே ஸ்பெயின் கோப்பை வந்தது. அடுத்தது 1951-52 பருவம். லீக்கில் 19 ஆட்டத்தில் 26 கோல். 1952 பிப்ரவரியில் ஸ்போர்ட்டிங் கிஹோனை 9-0 என்று தோற்கடித்த ஆட்டத்தில் அவர் ஒருவரே 7 கோல் போட்டார். ஸ்பெயின் லீக் வரலாற்றில் ஒரே ஆட்டத்தில் ஏழு கோல் போட்டவர்கள் இருவர்தான். மற்றவர் பில்பாவோவின் பாட்டா, ஆண்டு 1931. அவர் அந்த ஏழையும் போட்டது பார்சிலோனாவுக்கு எதிராக! எப்படியோ கிளப்பின் அந்தக் கணக்கு குபாலாவால் நேரானது. அந்தப் பருவத்தில் லீக், கோப்பை, லத்தீன் கோப்பை என்று ஐந்து கோப்பைகள். கட்டலோனியாவில் இன்றும் அதற்கு ஐந்து கோப்பை அணி என்றே பெயர்.

அவர் ஆட்டம் எப்படி இருந்தது? பழைய படச்சுருள்களில் பார்க்கலாம். தடித்த தொடைகள், குத்துச்சண்டை வீரனின் தோள்கள். பந்துக்கும் எதிராளிக்கும் நடுவில் உடம்பைக் கொண்டுபோய் வைத்துவிடுவார், பிறகு பந்தைப் பறிக்க வழியே கிடையாது. எதிராளி மேலே சாய்ந்தால் அந்தச் சாய்வையே பயன்படுத்தித் திரும்பிவிடுவார். ஃப்ரீ கிக்கில் தடுப்புச் சுவருக்கு மேலே பந்தை வளைத்து இறக்குகிற வித்தையை ஸ்பெயினுக்குக் காட்டியவர் அவர்தான் என்பது அங்கே பரவலான நம்பிக்கை. பெனால்டி அடிக்க வரும்போது ஓட்டத்தின் நடுவில் ஒரு கணம் நின்று, கோல்கீப்பர் ஒரு பக்கம் சாய்ந்ததும் மறுபக்கம் தட்டிவிடுவார். பலத்தையும் நளினத்தையும் ஒரே உடம்பில் வைத்திருப்பவர்கள் அரிது.

1952 இறுதியில் காசநோய் வந்தது. இனி ஆட முடியாது என்றார்கள். நகரத்தை விட்டு உள்ளே தள்ளி இருந்த மொனிஸ்ட்ரோல் தெ கால்டெர்ஸ் என்ற சிற்றூரில் நல்ல காற்று வாங்கிக்கொண்டு ஓய்வெடுத்தார். சில மாதங்களில் திரும்பி வந்தார். அந்தப் பருவத்திலும் லீக்கும் கோப்பையும் பார்சிலோனாவுக்கே. அவர் படுத்திருந்த காலத்தில்தான் கிளப் அர்ஜென்டினாவின் அல்ஃப்ரெடோ டி ஸ்டெஃபனோவை வாங்கப் பேச்சு நடத்திக்கொண்டிருந்தது. அந்த விவகாரம் தனிப் புராணம். ஒரே ஆளுக்கு பார்சிலோனா ஒரு கிளப்பிடம் காகிதம் வாங்கியது, ரியல் மாட்ரிட் இன்னொரு கிளப்பிடம் காகிதம் வாங்கியது. ஆண்டு மாற்றி ஆண்டு இரண்டு அணிக்கும் ஆடட்டும் என்று ஸ்பெயின் கால்பந்துச் சங்கம் ஒரு விசித்திரத் தீர்ப்புச் சொன்னது. பார்சிலோனா வெறுத்துப்போய்க் கையை விட்டுவிட்டது. குபாலா குணமாகி வந்துவிட்ட தைரியமும் அதில் இருந்திருக்கும் என்று எண்ணுகிறேன். விட்டது எவ்வளவு பெரிய இழப்பு என்பதை, டி ஸ்டெஃபனோவோடு ரியல் மாட்ரிட் தொடர்ந்து வென்ற ஐந்து ஐரோப்பியக் கோப்பைகள் சொல்லும்.

குபாலாவைப் பார்க்க வந்த கூட்டத்துக்குப் பழைய லெஸ் கோர்ட்ஸ் மைதானம் போதவில்லை. 1957 செப்டம்பரில் கேம்ப் நோ திறந்தது. அதைக் கட்டியது குபாலா என்பார்கள் பார்சிலோனாவாசிகள். நிலத்துக்கான ஏற்பாடு 1950-லேயே, அவர் ஓர் அதிகாரப்பூர்வ ஆட்டம்கூட ஆடாத காலத்திலேயே தொடங்கிவிட்டது என்று கறாராகச் சொல்லலாம்தான். ஆனால் அத்தனை இருக்கைகளையும் நிரப்ப முடியும் என்ற துணிச்சல் எங்கிருந்து வந்தது என்று கேட்டால் அவர்கள் சொல்வதில்தான் நியாயம் இருக்கிறது.

இனி, அந்தத் தந்தியின் கதை. 1951-ல் ஸ்பெயின் குடியுரிமை பெற்று 1953 முதல் ஸ்பெயின் அணிக்கு ஆடினார். அது மூன்றாவது நாடு. அந்த ஆண்டு அக்டோபரில் வெம்ப்ளியில் இங்கிலாந்துக்கு எதிராக ஐரோப்பாவின் தேர்ந்த ஆட்டக்காரர்கள் கொண்ட அணி 4-4 என்று சமன் செய்தபோது குபாலா இரண்டு கோல் போட்டார். அடுத்த மாதமே ஹங்கேரி அதே வெம்ப்ளிக்கு வந்து இங்கிலாந்தை 6-3 என்று உரித்தது. புஷ்காஷ், கோச்சிஷ், சிபோர், ஹிதெகுட்டி என்ற அந்த வரிசையில் குபாலாவும் இருந்திருந்தால் என்று கற்பனை செய்யாத கால்பந்து எழுத்தாளர் இல்லை. எனக்கும் ஆசைதான், ஆனால் அடக்கிக்கொள்கிறேன்.

1954 உலகக் கோப்பைக்குத் தகுதி பெற ஸ்பெயின் துருக்கியைத் தாண்ட வேண்டும். மாட்ரிட்டில் ஸ்பெயின் 4-1. இஸ்தான்புல்லில் துருக்கி 1-0. அன்று மொத்தக் கோலைக் கூட்டிப் பார்க்கும் வழக்கமில்லை, ஆளுக்கொரு வெற்றி என்பதால் மார்ச் 17 அன்று ரோமில் மூன்றாவது ஆட்டம். ஆட்டத்துக்குச் சற்று முன்னால் ஒரு தந்தி வந்தது. குபாலாவை இறக்கினால் தகுதிச் சிக்கல் வரலாம் என்ற எச்சரிக்கை. ஸ்பெயின் அதிகாரிகள் பயந்துபோய் அவரை வெளியே உட்கார வைத்துவிட்டார்கள். தந்தியை யார் அனுப்பினார்கள் என்பது பிறகு பெரிய சர்ச்சையானது. ஆட்டம் கூடுதல் நேரத்துக்குப் பிறகும் 2-2. சீட்டுக் குலுக்கிப் போட்டார்கள். மைதான ஊழியர் ஒருவரின் மகனான ஒரு சிறுவனைக் கூப்பிட்டுக் கண்ணைக் கட்டி எடுக்கச் சொன்னார்கள். துருக்கி என்று வந்தது.

பள்ளி ஓட்டப்பந்தயத்தில்கூட அப்படி முடிவு செய்தால் பெற்றோர் சண்டைக்கு வருவார்கள். உலகக் கோப்பை நடந்த சுவிட்சர்லாந்தில் ஸ்பெயினுக்கு என்று ஒதுக்கியிருந்த இடம் துருக்கிக்குப் போனது. அந்தப் பிரிவில் இருந்த இன்னொரு நாடு ஹங்கேரி. மூன்றாண்டு கழித்து, 1957 நவம்பரில் துருக்கி மாட்ரிட்டுக்கு நட்பு ஆட்டம் ஆட வந்தது. ஸ்பெயின் 3-0. மூன்றும் குபாலா போட்டது. ஆனால் நட்பு ஆட்டத்தில் ஹாட்ரிக் அடித்தால் போன உலகக் கோப்பை திரும்பி வருமா? 1958-க்கும் ஸ்பெயின் போகவில்லை, டி ஸ்டெஃபனோவும் குபாலாவும் ஒரே அணியில் இருந்தும்! மூன்று நாட்டின் சட்டையைப் போட்ட குபாலா, உலகக் கோப்பையில் ஒரு நிமிடம்கூட ஆடவில்லை.

1956 அக்டோபரில் புடாபெஸ்டில் புரட்சி வெடித்தது. ஹோன்வேத் கிளப் அப்போது ஐரோப்பியக் கோப்பைக்காக வெளிநாடு புறப்பட்டிருந்தது. பில்பாவோவில் 3-2 என்று தோற்றார்கள். சோவியத் டாங்கிகள் நகரத்துக்குள் வந்துவிட்டதால் திரும்பி ஊரில் ஆட வேண்டிய ஆட்டத்தை பிரஸ்ஸல்ஸின் ஹெய்செல் மைதானத்தில் ஆடினார்கள், 3-3. பிறகு ஹங்கேரியச் சங்கத்தின் தடையை மீறி தென் அமெரிக்கா போய் ஆடிவிட்டு, சிலர் ஊர் திரும்பினார்கள், சிலர் திரும்பவில்லை. திரும்பாதவர்களில் மூன்று பெரிய பெயர்கள் ஃபெரென்ஸ் புஷ்காஷ், ஷாண்டோர் கோச்சிஷ், ஸோல்டான் சிபோர். அவர்களுக்கும் அதே புகார், அதே ஃபீஃபா, அதே தடை. எட்டு ஆண்டுக்கு முன் குபாலாவுக்கு வந்த காகிதத்தில் பெயரை மட்டும் மாற்றி எழுதியது போல.

தடை முடிந்த 1958-ல் புஷ்காஷை ரியல் மாட்ரிட் எடுத்துக்கொண்டது. கோச்சிஷ் சூரிக் நகரத்தில் ஒரு சிறிய கிளப்பில் இருந்தார். 1954 உலகக் கோப்பையில் 11 கோல் போட்ட, தலையால் முட்டுவதில் உலகில் இணையில்லாத ஆள். சிபோர் இத்தாலியில் தவித்துக்கொண்டிருந்தார். இருவரையும் பேசிப் பேசி பார்சிலோனாவுக்குக் கூட்டி வந்தது குபாலா. எதற்காகச் செய்தார் என்று கேட்க வேண்டியதில்லை. அப்போது அவருக்கு 31 வயது. புதிதாக வருகிறவர்கள் தன் இடத்துக்கே போட்டி என்று அவருக்குத் தெரியாமல் இருந்திருக்காது. அதே ஆண்டு வந்த புதிய பயிற்சியாளர் ஹெலெனியோ ஹெரேரா உண்மையிலேயே குபாலாவை ஓரங்கட்டத் தொடங்கினார். 1959, 1960 என்று தொடர்ந்து இரண்டு லீக் பட்டம் வந்தாலும் குபாலா பாதி நாள் வெளியேதான். 1960-ல் ஐரோப்பியக் கோப்பை அரையிறுதியில் ரியல் மாட்ரிட்டிடம் தோற்றதும் ஹெரேரா போனார், குபாலா மீண்டும் உள்ளே வந்தார்.

அடுத்த பருவம்தான் இந்தக் கதையின் உச்சம். ஐரோப்பியக் கோப்பையில் அதுவரை யாராலும் வெளியேற்றப்படாத ரியல் மாட்ரிட்டை 1960 நவம்பரில் பார்சிலோனா வெளியேற்றியது. அரையிறுதியில் ஹாம்பர்க்கிடம் ஏறக்குறைய தோற்றுவிட்ட நிலையில், கடைசி நிமிடத்தில் கோச்சிஷ் தலையால் முட்டிய கோல் காப்பாற்றியது. முடிவு காணும் மூன்றாவது ஆட்டம் பிரஸ்ஸல்ஸில். ஹோன்வேத் அணியாக கோச்சிஷும் சிபோரும் கடைசியாக ஐரோப்பியக் கோப்பை ஆடிய ஊர் அது. அங்கே 1-0 என்று வென்றார்கள். இறுதியாட்டம் 1961 மே 31, சுவிட்சர்லாந்தின் பெர்ன், வாங்க்டார்ஃப் மைதானம்.

வாங்க்டார்ஃப் என்றால் ஹங்கேரிக்காரர்களுக்கு வயிற்றைக் கலக்கும். 1954 ஜூலை 4 அன்று உலகக் கோப்பை இறுதியில், எட்டு நிமிடத்தில் 2-0 என்று முன்னேறி, பிறகு மேற்கு ஜெர்மனியிடம் 3-2 என்று தோற்றது அங்கேதான். அந்த இரண்டாவது கோலைப் போட்டவர் சிபோர். கோச்சிஷும் ஆடினார். ஏழு ஆண்டு கழித்து இருவரும் வேறு சட்டையோடு அதே புல்லில் இறங்கினார்கள். எதிரணி பென்ஃபிகா. அதன் பயிற்சியாளர் பேலா குட்மான். ஆம், எர்ப்ஸ்டைனோடு முகாமிலிருந்து தப்பியவர். 1899-ல் புடாபெஸ்டில் பிறந்து, வியன்னா, நியூயார்க், சாவோ பாவ்லோ, போர்ட்டோ என்று உலகம் சுற்றி லிஸ்பனுக்கு வந்திருந்தார். அவர் குடும்பத்தில் பலரை நாஜிகள் கொன்றிருந்தார்கள். ஸ்பெயின் கிளப்பும் போர்ச்சுகல் கிளப்பும் மோதுகிற ஆட்டத்தில், சுவிஸ் நாட்டு மைதானத்தில், ஹங்கேரியிலிருந்து வெளியேறிய நால்வர்.

கோச்சிஷ் முதலில் முட்டி ஒரு கோல் போட்டார். பிறகு முப்பதாவது நிமிடத்தை ஒட்டி இரண்டு நிமிட இடைவெளியில் இரண்டு அடி. முதலில் பென்ஃபிகாவின் அகுவாஷ் போட்ட கோல், அடுத்தது பார்சிலோனா கோல்கீப்பர் ரமாலெட்ஸ் கையிலிருந்தே உள்ளே போன கோல். அருமையான கோல்கீப்பர், கண்ணில் வெயில் அடித்தது என்பார்கள். இடைவேளைக்குப் பின் கொலூனா தூரத்திலிருந்து ஒன்று. 3-1. அதன்பின் ஆட்டம் முழுக்க பார்சிலோனாவின் கையில்தான். பந்துதான் உள்ளே போகவில்லை. அன்று கோல் கம்பங்கள் உருண்டை அல்ல, சதுரம். கம்பத்தின் தட்டையான முகத்தில் பட்ட பந்து உள்ளே சறுக்காமல் வெளியே தெறித்து வரும். குபாலா அடித்த ஒரு பந்து ஒரு கம்பத்தில் பட்டு, கோல் கோட்டை ஒட்டியே போய் மறு கம்பத்திலும் பட்டு வெளியே வந்தது. கம்பத்தில் பட்டது மொத்தம் எத்தனை என்பதில் ஆளுக்கொரு கணக்கு. பார்சிலோனாவில் இன்றும் அதற்குக் கம்பங்களின் இறுதியாட்டம் என்று பெயர். 75-ஆவது நிமிடத்தில் சிபோர் தூரத்திலிருந்து ஒன்று இறக்கினார். முடிவு 3-2. ஏழு ஆண்டுக்கு முன் வந்த அதே கணக்கு, அதே மைதானம், சிபோர் அன்றும் ஒரு கோல், இன்றும் ஒரு கோல். எழுதினால் மிகை என்று நானே அடித்துவிடுவேன், ஆனால் நடந்தது.

குட்மான் அடுத்த ஆண்டும் ஐரோப்பியக் கோப்பையை வென்றார், ரியல் மாட்ரிட்டுக்கு எதிராக. அந்த இறுதியில் தோற்ற பக்கத்தில் மூன்று கோல் போட்டவர் புஷ்காஷ். பிறகு குட்மான் பென்ஃபிகாவுக்குச் சாபம் கொடுத்துவிட்டுப் போனதாக ஒரு கதை உண்டு. சாபக் கதைகளுக்கு இந்த இதழில் வேறு பக்கம் இருக்கிறது.

பெர்ன் ஆட்டத்தோடு குபாலா பார்சிலோனா சட்டையைக் கழற்றிவிட்டார். லீக்கில் 186 ஆட்டம், 131 கோல். கிளப்பின் பயிற்சியாளராகக் கொஞ்ச காலம் இருந்தார், நீக்கினார்கள். கோபத்தில் ஊருக்குள்ளேயே இருந்த பகை கிளப்பான எஸ்பான்யோலுக்கு ஆடப் போனார். பார்சிலோனா ரசிகர்களுக்கு நெஞ்சு எரிந்தது. அங்கே அவர் பயிற்சியாளரானபோது 1964-ல் ரியல் மாட்ரிட்டிலிருந்து வந்து சேர்ந்தவர் யார் தெரியுமா? டி ஸ்டெஃபனோ. 1953-ல் ஒரே அணியில் சேர்ந்திருக்க வேண்டிய இருவரும் கிளப் ஆட்டத்தில் சேர்ந்தது அப்போதுதான், ஒருவர் மைதானத்தில், ஒருவர் ஓரத்தில். 1967-ல் கனடாவின் டொரன்டோ ஃபால்கன்ஸ் அணியில் நாற்பது வயதில் மறுபடி பூட்ஸ் மாட்டினார். கூடவே ஆடியவர் மகன் பிராங்கோ. பெயரைப் பார்த்துச் சர்வாதிகாரியோடு முடிச்சுப் போட வேண்டாம், அது ஸ்லாவியப் பெயர். சூப்பர்கா விமானத்தில் அப்பாவை ஏறவிடாமல் செய்த அந்தக் காய்ச்சல்காரப் பையனேதான்.

கோச்சிஷ் பார்சிலோனாவிலேயே தங்கி, உணவகம் நடத்தி, 1979-ல் 49 வயதில் அங்கேயே காலமானார். அவரது எச்சங்களை 2012-ல் புடாபெஸ்டுக்குக் கொண்டுபோய், புஷ்காஷ் துயிலும் புனித ஸ்டீஃபன் பேராலயத்தில் வைத்தார்கள். சிபோர் ஆட்சி மாறிய பின் ஹங்கேரிக்கே போய்ச் சேர்ந்தார். குபாலா போகவில்லை. 2002 மே 17 அன்று பார்சிலோனாவில் காலமானார். ஏழாண்டு கழித்து கேம்ப் நோவுக்கு வெளியே அவருக்குச் சிலை வைத்தார்கள்.

உலகக் கோப்பைக் கதை மட்டும் மிச்சம். 1969 முதல் 1980 வரை குபாலா ஸ்பெயின் தேசிய அணியின் பயிற்சியாளர். பன்னிரண்டு ஆண்டாக உலகக் கோப்பைப் பக்கமே போகாத அணியை 1978-ல் அர்ஜென்டினாவுக்குக் கூட்டிப் போனார். 51 வயதைத் தொடும் வேளையில், அவருக்கும் அது முதல் உலகக் கோப்பை. பிரேசிலோடு ஆட்டம் 0-0 என்று நின்றபோது, காலியாகக் கிடந்த கோல் வாசலுக்கு முன்னால் ஸ்பெயினின் கார்தெனோசாவுக்குப் பந்து கிடைத்தது. ஒரு கணம் யோசித்தார். அடித்த பந்து ஓடிவந்த தடுப்பாட்டக்காரரின் காலில் பட்டு நின்றது. ஆஸ்திரியாவிடம் தோல்வி, ஸ்வீடனோடு வெற்றி, முதல் சுற்றோடு வீடு. ஓரத்தில் உட்கார்ந்திருந்த குபாலாவுக்கு எத்தனை முறை எழுந்து போய்த் தானே அடித்துவிடலாமா என்று கை கால் பரபரத்திருக்கும்!

புஷ்காஷை இரண்டு வரியில் முடித்துவிட்டேன் என்று மூத்த வாசகர்கள் கோபிக்க வேண்டாம். 31 வயதில், தொந்தியோடு மாட்ரிட்டுக்கு வந்து, அங்கிருந்து ஏதென்ஸ், மெல்போர்ன் வரை போன அவருக்கு இந்தப் பக்கம் போதாது. அடுத்த இதழில் தனிக் கட்டுரையாகத் தருகிறோம். சோபொஸ்லாய் கேட்ட தம்பிக்கு அதற்கடுத்த இதழ்.

அன்புடன்,
ஆசிரியர்